முடிவெட்டுக்கு ஒரு குட்டிப் புத்தகம்: ஆட்டிசம் உள்ள பிள்ளைக்குச் சமூகக் கதை எழுதும் முறை

பல் டாக்டர், தடுப்பூசி, கல்யாண வீடு, புது வகுப்பு என எதற்கும் சமூகக் கதை எழுதலாம். இங்கே முடிவெட்டை எடுத்துக்கொள்வோம். பல வீடுகளில் இதுதான் பெரிய போர்.

‘சோஷியல் ஸ்டோரி’ என்ற இந்த முறையை 1990களின் தொடக்கத்தில் உருவாக்கியவர் கரோல் கிரே என்ற அமெரிக்க ஆசிரியை. போகும் இடத்தில் என்ன நடக்கும், யார் என்ன செய்வார்கள், ஏன் செய்வார்கள் என்று பிள்ளைக்கு முன்கூட்டியே தெரிவிப்பதுதான் இதன் வேலை. பிள்ளையை அடக்கி உட்கார வைப்பது இதன் வேலையில்லை. வீட்டில் எழுதும் கதைகள் பெரும்பாலும் சறுக்குவது இங்கேதான். “நான் அழ மாட்டேன், ஆடாமல் உட்காருவேன், சமர்த்தாக இருப்பேன்” என்று எழுதினால் அது கதை வேடம் போட்ட அதட்டல். இரண்டாம் பக்கத்திலேயே பிள்ளைக்கு அது புரிந்துவிடும்.

எழுதுவதற்கு முன் ஒருமுறை பிள்ளை இல்லாமல் சலூனுக்குப் போய்வாருங்கள். வாசல், நாற்காலி, கழுத்தில் கட்டும் துணி, கத்தரிக்கோல், மெஷின், தண்ணீர் அடிக்கும் பாட்டில் எல்லாவற்றையும் பிள்ளையின் கண் உயரத்திலிருந்து படம் எடுங்கள். வேறு வாடிக்கையாளர் முகம் படத்தில் வேண்டாம். கடைக்காரரிடம் அனுமதி கேட்கும்போதே இன்னொன்றையும் பேசிவிடுங்கள்: பிள்ளை கையைத் தூக்கினால் உடனே நிறுத்த முடியுமா? ‘முடியும்’ என்று அவர் சொன்னால் மட்டும் அதைப் புத்தகத்தில் எழுதுங்கள். எழுதியது ஒரே ஒருமுறை பொய்த்துப் போனாலும் அடுத்த புத்தகத்தைப் பிள்ளை தொடாது.

சத்தமோ, முடி ஒட்டி வரும் அரிப்போதான் சிக்கல் என்றால் கதையால் அது தீராது. மெஷினை விட்டுவிட்டுக் கத்தரிக்கோலால் மட்டும் வெட்டச் சொல்லுங்கள், கூட்டமில்லாத நேரத்தைக் கேளுங்கள், மாற்றுச் சட்டை எடுத்துப் போங்கள். மாற்ற முடிந்ததை மாற்றிய பிறகு, மிச்சம் இருப்பதைப் பற்றித்தான் கதை எழுத வேண்டும்.

வாக்கியங்களுக்கு ஒரு கணக்கு உண்டு. பிள்ளை செய்யக்கூடியதைச் சொல்லும் வாக்கியம் ஒன்று என்றால், நடப்பதை விவரிக்கும் வாக்கியம் குறைந்தது இரண்டு இருக்க வேண்டும். ‘நான்’ என்றோ பிள்ளையின் பெயரைச் சொல்லியோ எழுதலாம். ‘நீ’ கூடாது, அது கட்டளையாக மாறிவிடும். எட்டுப் பக்கத்துக்கு ஒரு மாதிரி:

என் முடி வளந்துகிட்டே இருக்கும். எல்லாருக்கும் வளரும்.

முடி நீளமானதும் நானும் அப்பாவும் சலூனுக்குப் போவோம்.

சில நாள் அங்க வேற ஆட்கள் இருப்பாங்க. அவங்களுக்கு வெட்டி முடிஞ்சதும் எனக்கு வெட்டுவாங்க.

சலூன் அண்ணன் என் கழுத்துல ஒரு துணி கட்டுவார். வெட்டின முடி சட்டைக்குள்ள போகாம இருக்கத்தான் அந்தத் துணி.

அண்ணன் கத்தரிக்கோலால வெட்டுவார். காதுப் பக்கம் வரும்போது ‘சக் சக்’னு சத்தம் கேக்கும்.

பிடிக்கலைன்னா நான் கையைத் தூக்கலாம். அண்ணன் நிறுத்துவார்.

வெட்டின முடி கழுத்துல ஒட்டும். சில சமயம் அரிக்கும். அப்பா ஈரத்துணி கொண்டு வருவார். நான் துடைச்சுக்கலாம்.

முடிஞ்சதும் துணியைக் கழட்டுவார். நாங்க வீட்டுக்குப் போவோம்.

பிள்ளை செய்யக்கூடியது இதில் இரண்டே இடத்தில்தான் வருகிறது, அதுவும் ‘லாம்’ போட்டு. ‘வலிக்காது’ என்று எங்குமே இல்லை. உச்சந்தலையில் சீப்பு படுவதே வலியாக இருக்கும் பிள்ளைகள் உண்டு. அவர்களிடம் அப்படிச் சொன்னால் புத்தகமே பொய். ‘அஞ்சே நிமிஷம்’, ‘கண் மூடித் திறக்கறதுக்குள்ள’ இரண்டும் வேண்டாம். முதலாவதைக் கடிகாரம் பார்த்துச் சரிபார்க்கும் பிள்ளை உண்டு, இரண்டாவதைக் கண்ணை மூடித் திறந்தே சரிபார்க்கும் பிள்ளையும் உண்டு. மாறக்கூடிய எதற்கும் ‘சில நாள்’, ‘பெரும்பாலும்’ சேருங்கள்.

பேச்சுத் தமிழா, எழுத்துத் தமிழா? நீங்கள் வாசித்துக் காட்டப்போகிறீர்கள் என்றால் வீட்டில் பேசுவதுபோலவே எழுதுங்கள். பிள்ளை தானே எழுத்துக்கூட்டிப் படிக்கும் என்றால் பாடப்புத்தக நடை நல்லது. இரண்டையும் கலந்தால் திணறும். வீட்டில் ‘சேர்’ என்றுதான் சொல்வீர்கள் என்றால் புத்தகத்தில் ‘நாற்காலி’ எதற்கு? படப்பலகையில் உள்ள படங்களைக் காட்டிப் பேசும் பிள்ளைக்குப் பலகையில் உள்ள அதே படத்தையே புத்தகத்திலும் ஒட்டுங்கள், குறிப்பாக ‘நிறுத்து’ படத்தை.

ஏ4 தாளைப் பாதியாக வெட்டி, பக்கத்துக்கு ஒரு படம், அதன் கீழே வரிகள். எழுத்து 20 புள்ளி அளவுக்குக் குறைய வேண்டாம். பின்னணி வெறும் வெள்ளை. பூ, நட்சத்திரம் ஒட்டினால் கண் அங்கேதான் போகும். லேமினேட் செய்வதானால் பளபளக்காத உறையாகப் பார்த்து வாங்குங்கள். ஸ்பைரல் போடாமல் ஓட்டை போட்டு வளையம் மாட்டினால் ஒரு பக்கத்தை மட்டும் கழற்றி மாற்றலாம்.

வாசிக்கும் நேரம் முக்கியம். பிள்ளை அமைதியாக இருக்கும்போது, எதிரே உட்காராமல் பக்கத்தில் உட்கார்ந்து, ஒரு நாளைக்கு ஒரு தடவை போதும். முடிந்ததும் “துணி எதுக்குக் கட்டுவாங்க சொல்லு” என்று பரீட்சை வைக்காதீர்கள். மூன்று நாலு நாள் முன்னால் தொடங்கிப் பாருங்கள். முன்கூட்டித் தெரிந்தால் பதற்றம் கூடுகிற பிள்ளைக்கு முந்தின நாள் போதும். அழுது புரளும்போது புத்தகத்தை நீட்டவே கூடாது. அப்புறம் அந்தப் புத்தகம் என்றாலே தண்டனை. ஒரு பக்கத்தை மட்டும் தள்ளினாலோ கிழித்தாலோ அதைச் சேட்டையாக எடுக்காதீர்கள். பயம் அந்தப் பக்கத்தில் இருக்கிறது.

வீட்டில் எல்லோரும் புத்தகத்தைப் படித்திருக்க வேண்டும். கையைத் தூக்கலாம் என்று புத்தகம் சொல்ல, கூட வந்த தாத்தா “கையைக் கீழ போடு” என்றால் பிள்ளை யாரை நம்பும்? அண்ணன், தங்கை இருந்தால் படம் ஒட்டும் வேலையைக் கொடுங்கள், ஆனால் “பாரு, பாப்பாவே அழாம வெட்டிக்கிறா” என்ற வரியை மட்டும் எழுதவிடாதீர்கள்.

நன்றாக எழுதினாலும் எல்லாப் பிள்ளைக்கும் இது எடுபடும் என்று சொல்ல முடியாது. ஆய்வு முடிவுகளும் ஒன்றுபோல் இல்லை. முதல் தடவை பாதி முடியோடு எழுந்து வந்தால் வந்ததுதான். எந்த இடத்தில் எழுந்தது என்று குறித்துக்கொண்டு அந்தப் பக்கத்தைத் திருத்துங்கள்.

கிரே வற்புறுத்தும் ஒரு விதியை வீடுகள் சுலபமாக மறந்துவிடுகின்றன: எழுதும் கதைகளில் பாதியாவது பிள்ளை ஏற்கெனவே நன்றாகச் செய்வதைப் பற்றி இருக்க வேண்டும். ரயில்களை வரிசையாக அடுக்குவது, செடிக்குத் தண்ணீர் ஊற்றுவது, எதுவானாலும் சரி. முடிவெட்டுப் புத்தகத்துக்கு முன்னால் அப்படி ஒன்றை முடித்துக் கையில் கொடுத்துவிடுங்கள்.