ஆவணப்பட ஒளிப்பதிவில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

சென்ற மாதம் மன்னார் வளைகுடாவில் என்னுடன் படப்பிடிப்புக்கு வந்த இளைஞர் இருவர், படகு கரையை விட்டு நகர்வதற்குள்ளாகவே ஸ்லோமோஷனுக்காகக் கேமராவை நொடிக்கு 100 பிரேமுக்கு (படச் சட்டங்களுக்கு) மாற்றி வைத்ததைக் கண்டதும், 10 ஆண்டுகளுக்கு முன் அதே கடலில் நான் செய்த பிழை கண்முன் வந்து நின்றது. பேட்டரி, மெமரி கார்டு பற்றியெல்லாம் இங்கே எழுதப்போவதில்லை. அவற்றில் ஒருமுறை பட்டால் எவரும் திருந்திவிடுவார்கள்.

உழைப்பை ஸ்லோமோஷனில் எடுப்பது

பாம்பனை அடுத்த சின்னப்பாலத்துப் பெண்கள் கடற்பாசி எடுக்கும் வேகம் பார்த்தவர்களுக்குத் தெரியும். பாறை கிழிக்காதிருக்க விரல்களில் துணி சுற்றி, கண்ணாடி மாட்டி மூழ்கி, மரிக்கொழுந்துப் பாசியைப் பிய்த்து இடுப்புப் பையில் திணித்து, மேலே வந்து மூச்சை ஊதி இழுத்ததும் மறுபடி மூழ்கிவிடுவார்கள். அன்று முதல் இரண்டு நாளும் இதை 100 பிரேமிலேயே எடுத்தேன். எடிட்டிங்கில் அமர்ந்தபோதுதான், அந்த வேகத்தில் என் கேமரா ஒலியைப் பதிவதே இல்லை என்பது உறைத்தது. வழக்கமான 25 பிரேமில் ஓடவிட்டால் 3 நொடி மூச்சு 12 நொடியாக நீண்டது. நான்கில் மூன்று பிரேம்களை நீக்கி இயல்பு வேகத்துக்குக் கொண்டுவந்தாலோ, ஷட்டர் (ஒவ்வொரு பிரேமும் ஒளி வாங்கும் நேரம்) 1/200 நொடியில் இருந்ததால் கைகள் வெட்டி வெட்டி அசைந்தன. வேறொரு கரையின் அலையோசையைப் போட்டு ஒப்பேற்றினேன். ஊரில் திரையிட்டபோது, படத்தில் இருந்த அக்கா ஒருவர், “என்ன தம்பி, நாங்க இம்புட்டு மெதுவாவா பாசி எடுக்குறோம்?” என்று கேட்டார். நீர் ஏறுவதற்குள் பை நிறைய வேண்டுமே என்ற அவருடைய அவசரத்தை நான் நடனமாக்கிவிட்டிருந்தேன். அதை நினைத்தால் இன்றும் என்மீதே எரிச்சல் வருகிறது.

முதலில் 25 பிரேமில், 1/50 ஷட்டரில், ஒலியுடன், ஒரு வேலை தொடங்கி முடியும்வரை நிறுத்தாமல் எடுங்கள். மீன்கொத்தி நீரைத் தொடும் கணம்போல, கண் தொடர முடியாத அசைவுகளுக்கு மட்டும் ஸ்லோமோஷனை வைத்துக்கொள்ளுங்கள். கிளம்பும் முன், அந்த இடத்தின் ஒலியை 2 நிமிடம் தனியாகப் பதியுங்கள்.

அனுமதியின்றித் தீவுப் பக்கம் போவது

இங்குள்ள 21 தீவுகளும் 1986இல் அறிவிக்கப்பட்ட தேசியப் பூங்காவைச் சேர்ந்தவை. தலைமை வன உயிரினக் காப்பாளரின் அனுமதி கைக்கு வராமல், படகோட்டி அழைத்தாலும் போகாதீர்கள். பறிமுதலாகக்கூடியது அவருடைய படகு. பூங்கா எல்லைக்குள் பாசி எடுக்கத் தடை இருப்பதால், பின்னணியில் தெரியும் ஒரு தீவே அந்தப் பெண்களுக்கு எதிரான சான்றாகிவிடலாம். எந்தக் காட்சியைச் சேர்க்கலாம் என்று அவர்களிடமே காட்டிக் கேளுங்கள்.

பறவைக் கூட்டை நெருங்குவது

நெருங்காதீர்கள்.

முதல் நாளே பேட்டி எடுப்பது

முதல் நாளில், முன்பு வந்தவர்களிடம் சொன்னதையே சொல்வார்கள். என் படத்தில் கடைசிவரை நின்றது, மூன்றாம் நாள் விடியலில், விரலில் துணியைச் சுற்றிப் பல்லால் முடிச்சை இறுக்கியபடி அந்த அக்கா கேமராவைப் பாராமலே பேசிய பேச்சுதான்.