சிஷூ ர்யூவை எங்கிருந்து பார்க்கத் தொடங்குவது? புதியவர்களுக்கு ஒரு செய்முறை

ஜப்பானிய நடிகர் சிஷூ ர்யூ 1925-இல் ஷோச்சிகு நிறுவனத்தின் கமாட்டா ஸ்டுடியோவில் சேர்ந்தார். கடைசிப் படம் 1992 டிசம்பரில் வந்தது. நடுவில் 67 வருடம். படப் பட்டியலை மேலிருந்து கீழாகப் பார்த்துவிடலாம் என்று இரண்டு முறை தொடங்கி, இரண்டு முறையும் பாதியில் விட்டேன். முதல் பத்து வருடம் அவருக்குக் கிடைத்தவை பெரும்பாலும் கூட்டத்தில் ஒருவராக நிற்கும் வேடங்கள்தான். முகத்தைத் தேடியே களைத்துப்போவோம். மூன்றாவது முறை வேறு வரிசையில் போனேன், அது கைகொடுத்தது. அந்த வரிசை இதுதான்.

படங்கள் எங்கே கிடைக்கும், சப்டைட்டில் எப்படிச் சேர்ப்பது என்பதெல்லாம் உங்களுக்குத் தெரிந்திருக்கும். நேராக வேலைக்கு வருகிறேன்.

படி 1: ஒரு நோட்டு, நான்கு கட்டம்

ஆண்டு, படம், ர்யூவின் உண்மையான வயது, பாத்திரத்தின் வயதும் உறவும். இந்த நான்கும் போதும். எக்செல் வேண்டாம். கணினியில் குறிப்பெடுத்தால் படத்தை மூடித் திறந்துகொண்டே இருப்போம். கோடு போட்ட சாதாரண நோட்டும் பென்சிலும்தான் நல்லது.

முதல் வரியில் 1904 மே 13 என்று எழுதிக்கொள்ளுங்கள். அவர் பிறந்த நாள். ஊர் குமமோட்டோ, அப்பா பௌத்தக் கோயில் குரு. இதையும் பக்கத்திலேயே குறித்து வையுங்கள், 1969-க்கு வரும்போது தேவைப்படும்.

படி 2: 'டோக்கியோ ஸ்டோரி'யில் தொடங்குங்கள்

யாசுஜிரோ ஓசு 1953-இல் எடுத்த படம். ஒனோமிச்சி ஊரிலிருந்து பிள்ளைகளைப் பார்க்க டோக்கியோ வரும் வயதான தம்பதியில் கணவராக ர்யூ நடித்திருக்கிறார். ஹெட்போன் போட்டுக் கேளுங்கள். பிள்ளைகள் எது சொன்னாலும் அவர் சொல்வது பெரும்பாலும் ஒரு முனகலும் 'ஸோ கா'வும்தான். நம் 'அப்படியா' போல. சப்டைட்டில் பல இடங்களில் இதை விட்டுவிடும். ஆனால் ஒவ்வொரு 'ஸோ கா'வும் ஒவ்வொரு மாதிரி இறங்கும். ஏமாற்றம், சமாதானம், களைப்பு எல்லாமே அந்த இரண்டு அசைக்குள் இருக்கும்.

மனைவி இறந்த விடியற்காலையில் அவர் தனியாக வெளியே போய் நிற்பார். மருமகள் தேடி வருவாள். அழகான விடியல், இன்றைக்கும் வெயில் கொளுத்தும் என்பார். அவ்வளவுதான் பேச்சு. இந்த இடத்தில் படத்தை நிறுத்தி, மூன்றாவது, நான்காவது கட்டங்களை நிரப்புங்கள். பாத்திரத்துக்கு எழுபது வயது. ர்யூவுக்கு 49.

படி 3: உறவுகளைப் பிரித்து எழுதுங்கள் (நான் சிக்கிய இடம்)

அடுத்ததாக 'லேட் ஸ்பிரிங்' (1949), 'ஏர்லி சம்மர்' (1951) இரண்டையும் பார்ப்பீர்கள். எல்லோரும் அப்படித்தான் பார்க்கிறார்கள், ஏனென்றால் இந்த மூன்று படத்திலும் நடிகை செட்சுகோ ஹாராவின் பாத்திரத்துக்கு நோரிகோ என்றே பெயர். சிக்கலும் அங்கேதான். 1949-இல் ர்யூ அவளுக்கு அப்பா. 1951-இல் அண்ணன். 1953-இல் மாமனார். 'ஏர்லி சம்மர்' பார்க்கும்போது அரை மணி நேரம் வரை அவரை அப்பா என்றே நினைத்துக்கொண்டிருந்தேன். கதை ஒட்டவே இல்லை. நிறுத்தி, முதலிலிருந்து மறுபடி பார்த்தேன்.

மற்றவர்களையும் சேர்த்துப் பார்த்தால் இன்னும் குழம்பும். 'ஏர்லி சம்மர்' படத்தில் ர்யூவின் அப்பாவாக வரும் இச்சிரோ சுகாய் அவரைவிட மூன்று வயது இளையவர். அதே படத்தில் அம்மாவாக வரும் சியெகோ ஹிகாஷியாமா, இரண்டே வருடத்தில் 'டோக்கியோ ஸ்டோரி'யில் அவருக்கு மனைவி. அந்தப் படத்தில் மூத்த மகனாக வரும் சோ யமமுரா 1910-இல் பிறந்தவர். பெயர்களும் இப்படித்தான். 'லேட் ஸ்பிரிங்' அப்பா ஷுகிச்சி, 'டோக்கியோ ஸ்டோரி' அப்பாவும் ஷுகிச்சி, 'டோக்கியோ ட்வைலைட்' (1957) அப்பாவும் ஷுகிச்சி!

அதனால் நோட்டில் பாத்திரத்தின் பெயரை எழுதாதீர்கள். 'ஹாராவின் அப்பா', 'ஹாராவின் அண்ணன்' என்று உறவை மட்டும் எழுதுங்கள். இதைச் செய்த பிறகுதான் அவர் என்ன செய்கிறார் என்பதே எனக்குக் கண்ணில் பட்டது. அண்ணனாக வரும்போது எரிச்சலும் அவசரமும் உள்ள மருத்துவர், நடையில் வேகம். அப்பாவாக வரும்போது எழுந்திருப்பதற்கு முன்னால் ஒரு சின்னத் தயக்கம். பெரிய ஒப்பனை எதையும் நம்பி அவர் வயதைக் கூட்டவில்லை.

'லேட் ஸ்பிரிங்' முடிவை மட்டும் இரண்டு முறை பாருங்கள். மகளைக் கல்யாணம் செய்துகொடுத்து வீடு திரும்பியவர் தனியாக உட்கார்ந்து ஆப்பிள் தோலைச் சீவுகிறார். தோல் நீளமாக இறங்கிக்கொண்டே வந்து, கை நிற்கிறது, தலை கவிழ்கிறது. அங்கே வாய்விட்டு அழச் சொன்னார் ஓசு. தன்னால் முடியாது என்றார் ர்யூ. ஓசுவும் வற்புறுத்தவில்லை. மறுப்பில் பிறந்த அந்தத் தலைகவிழ்ப்பைவிடப் பெரிய அழுகையை நான் சினிமாவில் பார்த்ததில்லை.

படி 4: கொஞ்சம் பின்னால் போங்கள்

இப்போது 'தி ஒன்லி சன்' (1936), 'தேர் வாஸ் எ ஃபாதர்' (1942). முதலாவதில் ஊரில் ஆசிரியராக இருந்து, டோக்கியோ வந்து பன்றிக்கறி கட்லெட் விற்பவர். இரண்டாவதில் கதாநாயகன். அப்போது 37 வயது, வளர்ந்த மகனாக நடித்த ஷுஜி சானோ எட்டு வயதுதான் இளையவர். அப்பாவும் மகனும் ஆற்றில் நின்று ஒரே தாளத்தில் தூண்டில் வீசும் காட்சியைத் தவறவிடாதீர்கள்.

படி 5: 1969-க்குத் தாவுங்கள்

ஓசு 1963-இல், தன் அறுபதாவது பிறந்த நாளன்று இறந்தார். ர்யூவின் கதையும் அங்கே முடிந்தது என்று பலர் நோட்டை மூடிவிடுகிறார்கள். இன்னும் ஏறக்குறைய முப்பது வருடம் மீதி இருக்கிறது. யோஜி யமாடாவின் 'டோரா-சான்' வரிசையில் முதல் படம் 1969-இல் வந்தது. டோக்கியோவின் ஷிபமாட்டாவில் உள்ள தைஷாகுதென் கோயிலின் தலைமைக் குருவாக ர்யூ. கோயில் வீட்டில் பிறந்தவர் 65 வயதில் திரையில் கோயிலுக்கே திரும்பிவிட்டார். 45-ஆவது படம்வரை அந்த வேடம் அவருடையதுதான். அவர் போன பிறகு 2019 வரை அதற்கு வேறு யாரையும் போடவில்லை. எல்லாப் படங்களும் வேண்டாம். முதல் படம், நடுவில் ஏதாவது இரண்டு, அப்புறம் 45-ஆவது, அது போதும்.

கையோடு அகிரா குரோசாவாவின் 'ட்ரீம்ஸ்' (1990) படத்தின் கடைசிக் கனவையும் பார்த்துவிடுங்கள். தண்ணீர்ச் சக்கரங்கள் சுழலும் கிராமத்தில் 103 வயதுக் கிழவர். ர்யூவுக்கு அப்போது 86.

படி 6: தொலைக்காட்சி

இதை விட்டால் மேலே செய்த வேலைக்குப் பலன் பாதிதான். தாய்ச்சி யமாடா எழுதி, ஜப்பானின் பொது ஒளிபரப்பு நிறுவனமான என்எச்கே ஒளிபரப்பிய மூன்று தனி நாடகங்கள் இருக்கின்றன: 'நகராயேபா' (1982), 'ஃபுயுகாமாயே' (1985), 'கேசா நோ அகி' (1987). ஒன்றுதான் பார்க்க முடியும் என்றால் மூன்றாவதை எடுங்கள். புற்றுநோயில் சாகப்போகும் மகனை ஆஸ்பத்திரியிலிருந்து மலைப்பக்கத்து வீட்டுக்கு அழைத்துப்போகும் அப்பா. எப்போதோ பிரிந்துபோன மனைவியாக வருபவர் ஹாருகோ சுகிமுரா. நோட்டைப் புரட்டுங்கள்: 'டோக்கியோ ஸ்டோரி'யில் அவர் ர்யூவின் மகள்!

இதில் ர்யூவுக்கு 83 வயது. 'டோக்கியோ ஸ்டோரி'யில் 49 வயதில் நடித்துக் காட்டிய அதே மெதுவான எழுந்திருத்தல் இங்கே நடிப்பாக இல்லை, உடம்பாகவே இருக்கிறது. இரண்டையும் ஒரே மாலையில் அடுத்தடுத்துப் பாருங்கள்.

பின்சேர்க்கை: தொலைக்காட்சியிலிருந்தே தொடங்கக் கூடாதா என்று ஒரு வாசகர் கேட்டிருந்தார். தொடங்கலாம், ஜப்பானில் பலர் அப்படித்தான் அவரை அறிந்தார்கள். விம் வெண்டர்ஸின் 'டோக்கியோ-கா' (1985) ஆவணப்படத்தில் ர்யூ கிடா-கமகுராவில் ஓசுவின் கல்லறைக்குப் போகிறார். பெயர் இல்லாத கல், அதில் 'இன்மை' என்று பொருள்படும் ஒரே எழுத்து. அங்கே சில பெண்கள் அவரை அடையாளம் கண்டு வருகிறார்கள், தொலைக்காட்சியில் பார்த்த முகம் என்பதால். படி 6-க்கு அப்புறம் இந்தப் படத்தையும் நோட்டில் சேர்த்துக்கொள்ளுங்கள். நான்காவது கட்டத்தில் 'ஓசுவின் நண்பர்' என்று எழுதியிருக்கிறேன்.