வியூஸ் ஏறுகிறது, வகுப்புக்குப் பதிவு ஏறவில்லையா? உங்கள் வீடியோவை அளந்து பார்க்கும் வழி

போட்டோ எடிட்டிங் சொல்லித்தரும் ஆன்லைன் வகுப்பு ஒன்று நடத்துகிறேன். ஆள் சேர்வதற்காக யூடியூபில் வீடியோ போடுவேன். ஒருமுறை ஒரு வீடியோ மற்றவற்றைவிடப் பல மடங்கு ஓடியது. கமென்ட் முழுக்க 'சூப்பர்', 'அடுத்த பார்ட் எப்போ'. அந்த வாரம் வகுப்பில் சேர்ந்தவர்களை எண்ணிப் பார்த்தால் வழக்கமான எண்ணிக்கைதான். அடுத்த மாதம் ஒரு வீடியோ போட்டேன், லேயர் மாஸ்க் (படத்தின் ஒரு பகுதியை மட்டும் மறைத்துக் காட்டும் வசதி) ஏன் வேலை செய்யவில்லை என்பதைப் பற்றி. அதை யாரும் சீண்டவே இல்லை. ஆனால் புதிதாகச் சேர்ந்தவர்களில் மூன்று பேர், 'அந்த மாஸ்க் வீடியோ பார்த்துத்தான் வந்தோம்' என்றார்கள்.

எது ஓடுகிறது என்பதும் எது வேலை செய்கிறது என்பதும் வேறு வேறு என்று அன்றைக்குத்தான் உறைத்தது. அதை எப்படி அளப்பது என்று தட்டுத் தடுமாறிக் கற்றுக்கொண்டதைத்தான் இங்கே எழுதுகிறேன். வீடியோ ஏற்றுவது, தளத்துக்கு வருபவர்களை எண்ணும் கூகுள் அனலிட்டிக்ஸ் நிரலைத் தளத்தில் ஒட்டுவது எல்லாம் உங்களுக்குத் தெரியும் என்று எடுத்துக்கொள்கிறேன்.

படி 1: 'வியூ' எண்ணை ஓரமாக வையுங்கள்

வியூ என்பதற்கு எல்லா இடத்திலும் ஒரே அர்த்தம் கிடையாது. ஃபேஸ்புக்கில் 3 வினாடி ஓடினால் ஒரு வியூ என்று வெகுநாள் கணக்கு. யூடியூபில் தாண்டிப் போகக்கூடிய விளம்பரத்துக்கு 30 வினாடி பார்க்க வேண்டும், அல்லது விளம்பரம் அதைவிடச் சிறியது என்றால் முழுதும் பார்க்க வேண்டும். ஷார்ட்ஸில் 2025 மார்ச் 31 முதல் ஓட ஆரம்பித்தாலே ஒரு வியூ. திரும்ப ஓடினால் இன்னொன்று. பழைய கணக்கை 'என்கேஜ்டு வியூஸ்' என்று தனியாகக் காட்டுகிறார்கள். ஆகவே உங்கள் ஷார்ட்ஸ் எண்ணையும் நீள வீடியோவின் எண்ணையும் பக்கத்தில் வைத்து ஒப்பிடாதீர்கள், அது கிலோவையும் லிட்டரையும் கூட்டுகிற வேலை.

அளப்பவர்களே தவறுவதும் உண்டு. 2016இல் ஃபேஸ்புக், வீடியோவின் சராசரிப் பார்வை நேரத்தை இரண்டு ஆண்டுகளாகக் கூட்டிக் காட்டிவிட்டதாக ஒப்புக்கொண்டது. 3 வினாடிக்குள் ஓடிப்போனவர்களைச் சராசரியில் சேர்க்காமல் விட்டிருந்தார்கள். வகுத்தலில் கீழே இருக்கும் எண் சின்னதானால் விடை பெரிதாகத்தானே வரும்!

படி 2: ரிடென்ஷன் கிராஃபைத் திறங்கள்

யூடியூப் ஸ்டுடியோ, வீடியோவைத் தேர்ந்தெடுங்கள், அனலிட்டிக்ஸ். எந்த வினாடியில் எத்தனை விழுக்காட்டினர் இன்னும் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள் என்ற கோடு வரும். வீடியோ போட்ட அன்றே தேடாதீர்கள், வருவதற்கு ஓரிரு நாள் ஆகும்.

முதலில் பார்க்க வேண்டியது 30ஆவது வினாடி. யூடியூபே அந்த இடத்தைத் தனியாகக் குறித்துக் காட்டும். அங்கே கோடு செங்குத்தாக விழுந்திருந்தால் பெரும்பாலும் இரண்டில் ஒரு காரணம். ஒன்று, தம்ப்நெயிலும் தலைப்பும் சொன்னதை வீடியோ உடனே தரவில்லை. இரண்டு, நீங்கள் வணக்கம் சொல்லி, சேனலைப் பற்றிச் சொல்லி, மணி அடையாளத்தை அழுத்தச் சொல்லி முடிப்பதற்குள் ஆள் போய்விட்டார். என்னுடையது இரண்டாவது வகை. 11ஆவது வினாடியில் லோகோ அனிமேஷன், அதற்கு இசை வேறு. கோடு சரியாக அந்த இடத்தில் படியில் இறங்குவது போல இறங்கியிருந்தது. அந்த லோகோவுக்காக நான் ஒரு வார இறுதியையே செலவழித்திருந்தேன்.

நடுவில் வரும் மேடுகளை எல்லோரும் வெற்றி என்று நினைக்கிறார்கள். நானும் நினைத்தேன். 3 நிமிடம் 10 வினாடியில் எனக்கு ஒரு மேடு. 'ஆகா, இந்த இடம் பிடித்திருக்கிறது' என்று அடுத்த வீடியோவிலும் அதே பாணியில் செய்தேன். பிறகு அந்த இடத்தை நானே ஃபோனில் ஓட்டிப் பார்த்தேன். மெனுவைத் திறந்து, மூன்றாவது வரியைச் சொடுக்கி, ஒரு பெட்டியில் டிக் போடுகிறேன். எல்லாம் இரண்டே வினாடியில், அதுவும் கண்ணுக்குத் தெரியாத அளவு சின்ன எழுத்தில். ஜனங்கள் ரசித்துத் திரும்பப் பார்க்கவில்லை. புரியாமல் பின்னால் தள்ளிப் பார்த்திருக்கிறார்கள். திரும்பப் பார்ப்பதும் கணக்கில் சேரும் என்பதால் இந்தக் கோடு சில நேரம் 100 விழுக்காட்டைத் தாண்டக்கூடப் பார்க்கலாம். மேடு வந்தால் அந்த வினாடியை ஓட்டிப் பாருங்கள், பாராட்டா குழப்பமா என்று அப்போதுதான் தெரியும்.

ஒரு எச்சரிக்கை. உங்கள் வீடியோவை நூறு பேர்தான் பார்த்திருக்கிறார்கள் என்றால் ஒருவர் எழுந்து போனால் கோடு ஒரு விழுக்காடு இறங்கும். சின்னச் சின்ன நெளிவுக்கெல்லாம் அர்த்தம் தேடாதீர்கள்.

தம்ப்நெயில் கிளிக் விகிதத்தைப் பற்றி, அதாவது படம் கண்ணில் பட்டவர்களில் எத்தனை விழுக்காட்டினர் அழுத்தினார்கள் என்பதைப் பற்றி, நிறையப் பேர் கவலைப்படுகிறார்கள். யூடியூபில் உள்ள சேனல்களிலும் வீடியோக்களிலும் பாதிக்கு அது 2 முதல் 10 விழுக்காட்டுக்குள்தான் இருக்கிறது என்று யூடியூபின் உதவிப் பக்கமே சொல்கிறது. அந்த வரம்பில் இருந்தால் விட்டுவிட்டு அடுத்த வேலையைப் பாருங்கள். யூடியூப் 2012லேயே பரிந்துரையில் கிளிக்குகளைவிடப் பார்வை நேரத்துக்கு எடை கூட்டிவிட்டது. ஒரே வீடியோவுக்கு மூன்று தம்ப்நெயில் வரை போட்டுச் சோதிக்கும் வசதியிலும் வெற்றி பெறுவது அதிகப் பார்வை நேரத்தைக் கொண்டுவந்த படம்தான்.

படி 3: 'வாருங்கள்' என்று எப்போது சொல்கிறீர்கள்?

நான் எப்போதும் கடைசியில்தான் சொல்வேன். 'வகுப்பில் சேர விரும்பினால் கீழே லிங்க்.' கிராஃபில் அந்த வினாடியில் எத்தனை பேர் இருக்கிறார்கள் என்று பார்த்தேன். மூன்றில் ஒருவர்கூட இல்லை. அதாவது மூன்றில் இரண்டு பங்குக்கு மேல் கூட்டம் எழுந்து போனபிறகு அழைப்பிதழ் நீட்டிக்கொண்டிருந்திருக்கிறேன்.

தொடக்கத்திலேயே சொன்னால்? அதுவும் ஆகாது. இன்னும் ஒன்றுமே கொடுக்கவில்லை, அதற்குள் கேட்டால் கோடு அங்கேயே இறங்கும். எனக்குச் சரிப்பட்டது, முதல் பயன் கிடைத்த உடனே சொல்வது. மாஸ்க் வீடியோவில் 'பாருங்கள், இப்போது சரியாகிவிட்டது' என்று காட்டிய அடுத்த நொடியில் ஒரே ஒரு வாக்கியம், பத்து வினாடிக்கு மேல் போகாமல். யோசித்துப் பார்த்தால் அந்த ஓடாத வீடியோ ஆள் சேர்த்த ரகசியமும் இதுதான். அதைப் பார்க்க வந்தவர்கள் எல்லோரும் கையில் ஒரு சிக்கலோடு வந்தவர்கள். அது தீர்ந்த நிமிடத்தில் கேட்டால் காது கொடுக்கிறார்கள். ஓடிய வீடியோவுக்கு வந்தவர்கள் வேடிக்கை பார்க்க வந்தவர்கள். அவர்களைக் குறை சொல்ல ஒன்றுமில்லை.

எண்ட் ஸ்க்ரீனும் (வீடியோவின் முடிவில் திரையில் வரும், அழுத்தக்கூடிய பெட்டிகள்) போடுங்கள், தப்பில்லை. அது கடைசி 5 முதல் 20 வினாடிக்குள்தான் வரும், வீடியோ குறைந்தது 25 வினாடியாவது இருக்க வேண்டும். அதில் வெளித்தள லிங்க் வைக்க, சேனலுக்கு வருமானம் தரும் யூடியூப் பார்ட்னர் திட்டத்தில் இருக்க வேண்டும். புதியவர்களுக்கு அது கிடைக்காது, அடுத்த வீடியோவைக் காட்டுவதற்கு வைத்துக்கொள்ளுங்கள்.

படி 4: லிங்குக்கு அடையாளம் ஒட்டுங்கள் (என்னை ஒரு மாதம் அலைக்கழித்த படி)

டிஸ்கிரிப்ஷனில் வெறும் லிங்க் வைத்தால், ஃபோன் செயலியிலிருந்து வருபவர்களில் பலர் அனலிட்டிக்ஸில் 'டைரக்ட்' என்ற கூடையில் விழுவார்கள். எங்கிருந்து வந்தார்கள் என்ற தகவல் வழியில் உதிர்ந்துவிடும். அதற்குத்தான் யூடிஎம் அடையாளங்கள். லிங்கின் வாலில் ஒட்டும் சின்னச் சின்னக் குறிப்புகள்: எந்த இடம் (சோர்ஸ்), எந்த வகை (மீடியம்), எந்த வீடியோ (கேம்பெய்ன்), அந்த வீடியோவில் எந்த லிங்க் (கன்டென்ட்). கையால் அடிக்காதீர்கள், கூகுளின் இலவச கேம்பெய்ன் யூஆர்எல் பில்டர் பக்கத்தில் பெட்டிகளை நிரப்பினால் லிங்க் தயாராகிவிடும். நான் கையால் அடித்தேன். அதனால் வந்த வினைகள் மூன்று.

முதலாவது, எழுத்து. ஒரு நாள் யூடியூப் என்பதை ஆங்கிலத்தில் பெரிய எழுத்தில் தொடங்கி எழுதினேன், மறுவாரம் எல்லாம் சின்ன எழுத்தில். அனலிட்டிக்ஸுக்கு அவை இரண்டு வேறு இடங்கள். ஒரே வீடியோவின் வருகை இரண்டு வரிசையாகப் பிரிந்து கிடந்தது, இரண்டுமே சோனியாகத் தெரிந்தன. எப்போதும் சின்ன எழுத்து, இடைவெளிக்குப் பதில் கோடு என்று ஒரு சட்டம் வைத்துக்கொள்ளுங்கள்.

இரண்டாவது, கேள்விக்குறி. இதில்தான் நான் தலையைப் பிய்த்துக்கொண்டேன். யூடிஎம் வால் கேள்விக்குறியில் தொடங்கும் என்று படித்திருந்தேன், அப்படியே ஒட்டினேன். ஆனால் என் வகுப்புப் பக்கத்தின் முகவரியிலேயே முன்பே ஒரு கேள்விக்குறி இருந்தது, அதற்குப் பிறகு பக்கத்தின் எண். ஒரு முகவரியில் கேள்விக்குறி ஒருமுறைதான் பிரிக்கும் வேலையைச் செய்யும். அடுத்து வருவதையெல்லாம் 'அண்ட்' குறியால்தான் சேர்க்க வேண்டும். நான் இரண்டாவது கேள்விக்குறி போட்டதால், சோர்ஸ் என்ற முதல் அடையாளம் பக்க எண்ணோடு ஒட்டிக்கொண்டு காணாமல் போய்விட்டது. மற்றவை மட்டும் பிழைத்துக்கொண்டன. அறிக்கையில் மீடியம் இருக்கும் இடத்தில் 'வீடியோ' என்று அழகாக இருக்கும், சோர்ஸ் இடத்தில் 'நாட் செட்' என்று வரும். பக்கம் மட்டும் எந்தத் தடங்கலும் இல்லாமல் திறக்கும். அதனால் தப்பு லிங்கில் இருக்கும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. அனலிட்டிக்ஸ் நிரலை மூன்று முறை கழற்றி மாட்டினேன்!

மூன்றாவது, லிங்க் சுருக்கும் சேவைகளும் தளத்துக்குள் இருக்கும் திசைதிருப்பல்களும். பழைய பக்கத்திலிருந்து புதிய பக்கத்துக்கு அனுப்பும்போது சில அமைப்புகள் வாலை வெட்டிவிட்டு அனுப்பும். லிங்கைத் திறந்து, கடைசியாகப் போய் நிற்கும் முகவரியில் வால் இருக்கிறதா என்று கண்ணால் பாருங்கள்.

சோதிக்கும் முறை: ஃபோனில் பிரைவேட் விண்டோவில் லிங்கைத் திறங்கள், கணினியில் அனலிட்டிக்ஸின் ரியல்டைம் பக்கத்தைத் திறந்து வையுங்கள். உங்கள் வருகை சரியான பெயரில் வந்து நின்றால் போதும். வீடியோவை வெளியிடுவதற்கு முன்னால் செய்யுங்கள். நான் எப்போதும் வெளியிட்ட பிறகுதான் செய்தேன், அதனால்தான் அந்த ஒரு மாதம்.

மீடியம் பெட்டியில் 'வீடியோ' என்பதை ஆங்கிலத்தில் போடுங்கள். அந்தச் சொல் இருந்தால் ஜிஏ4 (கூகுள் அனலிட்டிக்ஸின் இப்போதைய பதிப்பு) தானாகவே அதை 'ஆர்கானிக் வீடியோ' கூட்டத்தில் சேர்த்துவிடும். டிஸ்கிரிப்ஷனுக்கு ஒரு லிங்க், மேலே நிற்கும்படி 'பின்' செய்த கமென்ட்டுக்கு ஒரு லிங்க் என்று கன்டென்ட் பெயரை மாற்றி வையுங்கள். டிஸ்கிரிப்ஷன் லிங்க் முதல் வரியிலேயே இருக்கட்டும். 'மேலும்' என்பதை அழுத்திப் படிக்கும் பொறுமை யாருக்கும் இல்லை, எனக்கும் இல்லை.

இன்னொன்று, உங்கள் தளத்துக்குள்ளேயே ஒரு பக்கத்திலிருந்து இன்னொரு பக்கத்துக்குப் போகும் லிங்குக்கு இந்த வாலை ஒட்டவே ஒட்டாதீர்கள். யூடியூபிலிருந்து வந்தவர் என்ற தடயத்தை நீங்களே அழித்துவிடுவீர்கள்.

படி 5: எது வெற்றி என்று அனலிட்டிக்ஸிடம் சொல்லுங்கள்

பதிவுப் படிவம் முடிந்ததும் வரும் நன்றிப் பக்கத்தை ஒரு ஈவென்ட்டாக (அனலிட்டிக்ஸ் எண்ணும் ஒரு நிகழ்வாக) வைத்து, அதை 'கீ ஈவென்ட்' என்று குறியுங்கள். 2024க்கு முன் எழுதிய பாடங்களில் இதையே கன்வெர்ஷன் என்றுதான் சொல்லியிருப்பார்கள், குழம்ப வேண்டாம். குறித்த நாளிலிருந்துதான் எண்ணும், பழைய கணக்கு வராது. நன்றிப் பக்கத்தை ஒருவர் ரிஃப்ரெஷ் செய்தால் இரண்டு பதிவாக எண்ணாதபடி, ஒரு வருகைக்கு ஒருமுறை என்று எண்ணும் முறையை மாற்றிவிடுங்கள்.

படி 6: ஒரே ஒரு விரிதாள்

பணம் கட்டும் டேஷ்போர்டுகள் இரண்டை முயன்று பார்த்துவிட்டுத் தூக்கிப் போட்டேன். வண்ண வண்ணமாகப் பத்து எண்கள் காட்டும், எனக்கு வேண்டியதோ நான்கு. வீடியோ பெயர், அழைப்பு வரும் வினாடியில் எத்தனை விழுக்காட்டினர் இருந்தார்கள், லிங்கில் வந்தவர்கள், பதிவு செய்தவர்கள். ஒரு விரிதாளில் கையால் எழுதுகிறேன். கையால் எழுதும்போதுதான் கண்ணில் படுகிறது.

எடிட்டிங்குக்கு எது நல்லது என்று கேட்பார்கள். டாவின்சி ரிசால்வின் இலவசப் பதிப்பு. கணினி தாங்காது என்றால் ஷாட்கட். ஒலி மோசமாக இருந்தால் இரண்டுமே உங்களைக் காப்பாற்றாது, முதலில் மைக் வாங்குங்கள்.

பின்சேர்க்கை 1: 'ஷார்ட்ஸில் லிங்க் வைத்தேன், ஒருவர்கூட வரவில்லை' என்று ஒரு வாசகர் கேட்டிருந்தார். 2023 ஆகஸ்ட் 31 முதல் ஷார்ட்ஸ் டிஸ்கிரிப்ஷனிலும் கமென்ட்டிலும் உள்ள லிங்குகளை அழுத்த முடியாது, வெறும் எழுத்தாகத்தான் நிற்கும். ஸ்டுடியோவில் அந்த ஷார்ட்ஸுக்கு 'ரிலேட்டட் வீடியோ' என்று உங்கள் நீள வீடியோ ஒன்றை இணையுங்கள், அங்கிருந்து லிங்குக்கு வரட்டும். ஷார்ட்ஸிலிருந்து நேரடியாகப் பதிவை எதிர்பார்ப்பதை நான் விட்டுவிட்டேன்.

பின்சேர்க்கை 2: சாப்டர்கள் (டிஸ்கிரிப்ஷனில் நேரக்குறிப்பு போட்டு வீடியோவைப் பகுதிகளாகப் பிரிப்பது) வரவில்லை என்று இருவர் எழுதியிருந்தார்கள். முதல் நேரக்குறிப்பு 0:00 ஆக இருக்க வேண்டும், குறைந்தது மூன்று வேண்டும், ஒவ்வொன்றும் 10 வினாடிக்குக் குறையக் கூடாது. இருவருமே 0:05இல் தொடங்கியிருந்தார்கள்.

பின்சேர்க்கை 3: 'தொடக்கம் சொதப்பல் என்று கிராஃபில் தெரிகிறது, நீக்கிவிட்டுத் திரும்ப ஏற்றவா?' வேண்டாம், ஏற்றினால் வியூவும் கமென்ட்டும் எல்லாம் பூஜ்யத்திலிருந்து. யூடியூப் ஸ்டுடியோவிலேயே எடிட்டர் இருக்கிறது. வெட்டிச் சேமித்தால் அதே லிங்க், அதே எண்ணிக்கை அப்படியே இருக்கும். ஒரு லட்சம் வியூவைத் தாண்டிய வீடியோ என்றால் பார்ட்னர் திட்டத்தில் இல்லாதவர்களுக்கு இது கிடைக்காமல் போகலாம். சேமித்த பிறகு மாற்றம் வர நேரமாகும், அதுவரை பழையதுதான் ஓடும், பதறாதீர்கள். நான் என் லோகோ அனிமேஷனை அப்படித்தான் வெட்டினேன். வெட்டும்போது டிஸ்கிரிப்ஷனில் உள்ள சாப்டர் நேரங்களைத் திருத்த மறந்துவிட்டேன், எல்லாமே ஒன்பது வினாடி தள்ளி நின்றன. நீங்கள் மறக்காதீர்கள்.