அம்மாவுக்கு ஜப்பான் ஊமைப்படம் போட்டுக் காட்டுறது எப்படி

ஊமைப்படம்னா வீட்டுல யாரும் உக்காந்து பாக்கமாட்டாங்கன்னுதான் நானும் நெனச்சேன், ஆனா போன மாசம் சிங்கப்பூர் ஈசூன் வீட்டு ஹாலுல எங்கம்மா சீரியல விட்டுட்டு ஒன்றர மணி நேரம் பாத்தாங்க.

படம் ஜப்பான் டைரக்டர் மிக்கியோ நருசே 1934ல எடுத்தது, ஸ்ட்ரீட் வித்தவுட் எண்ட். டோக்கியோவோட கின்ஸாவுல டீக்கடையில வேல பாக்குற சுகிக்கோ, அவ விரும்புற பையனுக்கு வீட்டுல வேற எடத்துல பேசுறாங்க, நடுவுல ஒரு பணக்காரன் கார் அவள இடிச்சுடுது, அப்புறம் அந்தப் பணக்காரனையே கட்டிக்குறா. இவ்ளோதான் முன்னாடி சொல்லணும், மிச்சத்த சொல்லிடாதீங்க. கூடவே "மியாய்"னா நம்ம பொண்ணு பாக்குறது மாதிரி, நடுவுல தரகர் உண்டு, போட்டோ கைமாறும்னு சொல்லிட்டா அவங்களே புடிச்சுக்குவாங்க.

அடுத்தது முக்கியம், நீங்கதான் வாய். அந்தக் காலத்து ஜப்பான் தியேட்டர்ல திரைக்குப் பக்கத்துல பென்ஷின்னு ஒருத்தர் எல்லா ஆளுக்கும் அவரே கொரல் குடுப்பாரு, அவருக்காகவே கூட்டம் வரும், பேசும்படம் வந்தப்புறமும் அங்க 1930கள் நடுவுல வரைக்கும் ஊமைப்படம் நின்னதுக்கு அவங்களும் ஒரு காரணம். அதனால வெக்கப்படாம பேசுங்க. முந்தின நாளே ஒருதடவ தனியா பாத்துடுங்க, நான் பாக்காம போய் யாரு கூடப்பொறந்தவன் யாரு காதலன்னு கொழப்பி திட்டு வாங்குனேன்.

மொதல்ல வாய் அசையும், அப்புறம்தான் வசனம் எழுதுன அட்டை திரையில வரும். அட்டையில இருக்குறத அப்படியே படிக்காதீங்க, "நான் உன்னை மணக்க இயலாது"னு படிச்சா யாரு கேப்பா, "எங்க வீட்டுல ஒத்துக்கமாட்டாங்க சுகிக்கோ"ன்னு சொல்லுங்க. அட்டை போய் மொகம் வந்ததும் வாய மூடிடுங்க, நருசே படத்துல விஷயமே அங்கதான். அசைவ வழவழன்னு ஆக்குறேன்னு டிவியில இருக்குற மோஷன் ஸ்மூத்திங்க ஆஃப் பண்ணிடுங்க, இல்லன்னா எல்லாரும் தண்ணிக்குள்ள நடக்குற மாதிரி இருக்கும்.

மாமியாரும் நாத்தனாரும் சுகிக்கோவ ஏளனமா பாக்குற எடத்துல நான் ஒண்ணுமே சொல்லல. அம்மா முறுக்க கையில வச்சிக்கிட்டே, "இவளுங்களுக்கு இவ்ளோ திமிரா, பேசுறாளுங்களா பாரு"ங்குறாங்க. எதிர்வீட்டு ஆன்ட்டி வேற அடுத்த வாரம் வரேன்னிருக்காங்க, நாற்காலி பத்தாது.