பாழடைந்த பங்களாவில் ஒரு காதல்: முதல் காட்சியை எழுதுவது எப்படி?

பாழடைந்த வீடும் மர்மமும் காதலும் கலந்த இந்த ‘காதிக்’ வகைக் கதையில் வீடுதான் முதலில் வரவேண்டும், காதலர்கள் அப்புறம். 1764இல் ஆங்கில எழுத்தாளர் ஹோரஸ் வால்போல் ஒரு கோட்டையை வைத்து எழுதிய நாவலிலிருந்தே அப்படித்தான். அந்த மேலைநாட்டுக் கதைகளில் குளிரும் மூடுபனியும் செய்கிற வேலையை நம் சிங்கப்பூரில் ஈரம் செய்யும்.

முதல் படி, ஒரு வீட்டைப் போய்ப் பாருங்கள். ஆடம் ரோடு உணவங்காடியில் ஒரு தே குடித்துவிட்டு ஆடம் பார்க் பக்கம் நடக்கலாம். பிரிட்டிஷ் காலத்துக் கறுப்பு வெள்ளை பங்களாக்கள் அங்கே உண்டு. 1942 பிப்ரவரியில் அந்த வீடுகளுக்கு நடுவிலேயே சண்டை நடந்தது. இப்போது ஆட்கள் குடியிருக்கிறார்கள், அதனால் சாலையில் நின்றே பாருங்கள். கறுப்பு மரச்சட்டங்கள், சுருட்டிவிட்ட மூங்கில் தட்டிகள், அகலமான தாழ்வாரம். அதையெல்லாம் மனத்துக்குள் பாழாக விடுங்கள்.

இரண்டாவது படிதான் பெரியது. "வீடு பயமாக இருந்தது" என்று எழுதவே வேண்டாம். டிசம்பர் மழையில் மரக்கதவு ஈரம் குடித்து ஊதிக்கொள்ளும். சட்டத்தில் இறுகி அசைய மறுக்கும். அதன் ஓரத்தில் கரையான் மண்கோடு, போன வாரம் முழங்கால் உயரம், இந்த வாரம் இடுப்புயரம். சுவர் கொப்புளித்து, தொட்டால் மாவாக உதிரும். விடியுமுன் குயில் கத்தும். அடுக்குமாடி புளோக்கில் நம் தூக்கத்தைக் கெடுக்கும் அதே குரல், ஆளில்லாத வீட்டில் யாரையோ கூப்பிடுவதுபோல் கேட்கும்.

அடுத்து கதாநாயகி. அவள் வெளியாள், வயதான அம்மா ஒருவரைப் பார்த்துக்கொள்ள வந்த தாதி என்று வைத்துக்கொள்வோம். வீட்டில் எல்லாருக்கும் தெரிந்த ஒன்று அவளுக்கு மட்டும் தெரியக்கூடாது. அதற்குச் சாத்திக் கிடக்கும் ஓர் அறை போதும்.

சரி, காதல்? அந்தக் கதவை வைத்தே கொண்டுவாருங்கள். அவள் விளக்கைப் பிடிக்க, அந்த வீட்டுப் பிள்ளை தோளால் முட்டித் தள்ளுகிறான். மூச்சு கேட்கும் நெருக்கம். பல வாரமாகத் திறக்காத கதவு திறக்கிறது. உள்ளே தரையில் தூசியே இல்லை. யாரோ தினமும் பெருக்குகிறார்கள். அப்படியானால் உள்ளே வர வேறு வழி இருக்கிறது. அவன் ஆச்சரியப்படவில்லை என்பதை அவள் கவனிக்கிறாள். நெஞ்சு படபடப்பது பயத்தாலா, அவன் பக்கத்தில் நிற்பதாலா? அவளுக்கே பிரித்துச் சொல்ல முடியவில்லை. இந்தக் கதைகளை நான் திரும்பத் திரும்பப் படிப்பது இந்தத் தவிப்புக்காகத்தான்.

காட்சியை அங்கேயே நிறுத்துங்கள். அந்த வேறு வழி எங்கே என்று இப்போது சொல்லாதீர்கள். பேய் வேண்டுமா வேண்டாமா என்பதை மூன்றாம் காட்சி எழுதும்போது பார்த்துக்கொள்ளலாம்.