வீட்டுக் கடன் வட்டியில் வங்கியோடு தகராறா? படிப்படியாகச் செய்ய வேண்டியவை

"வட்டி ரொம்ப அதிகம், குறைத்துக் கொடுங்கள்" என்று எழுதினால் அது வேண்டுகோள்தான், புகார் ஆகாது. வட்டியை எவ்வளவு வைப்பது என்பது வங்கியின் வணிக முடிவு. அதிகம் என்ற ஒரே காரணத்துக்காக நீதிமன்றமும் கணக்கைத் திறந்து பார்க்க வங்கி ஒழுங்குமுறைச் சட்டத்தின் 21ஏ பிரிவு இடம் தரவில்லை. ஆனால் "ஒப்பந்தத்தில் சொன்னபடி வட்டி போடவில்லை" என்று கணக்கோடு காட்டினால் வங்கி பதில் சொல்லித்தான் ஆக வேண்டும். கீழே உள்ள எல்லாம் அதற்கான தயாரிப்புதான்.

படி 1: உங்கள் கடன் எந்த வகை?

சாங்ஷன் லெட்டரையும் கடன் ஒப்பந்தத்தையும் எடுங்கள். 2019 அக்டோபர் 1க்குப் பிறகு வங்கியில் வாங்கிய மாறும் வட்டி வீட்டுக் கடன் என்றால், பெரும்பாலும் ரெப்போ விகிதத்தோடு (ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி) இணைந்திருக்கும். 2016 ஏப்ரலுக்குப் பிந்தையது எம்சிஎல்ஆர், அதற்கும் முந்தையது பேஸ் ரேட் அல்லது அதைவிடப் பழைய முறையாக இருக்கலாம்; இவை வங்கி தன் செலவை வைத்துத் தானே நிர்ணயிக்கும் அடிப்படை வட்டிகள். "ரெப்போ + இத்தனை சதவீதம்" என்ற வரியைத் தேடிப் பிடியுங்கள். அந்தக் கூடுதல் சதவீதம்தான் ஸ்பிரெட்.

படி 2: கணக்குப் போடுங்கள்

இதை அவசரப்படாமல் செய்யுங்கள். கடன் கணக்கு ஸ்டேட்மென்ட்டில் ஒரு மாத வட்டியை எடுத்து 12ஆல் பெருக்கி, அந்த மாத அசல் பாக்கியால் வகுத்து, 100ஆல் பெருக்குங்கள். பாக்கி 20 லட்சம், வட்டி 14,167 ரூபாய் என்றால் விகிதம் 8.5 சதவீதம். நாள் கணக்கில் வட்டி போடுவதால் 31 நாள் மாதத்தில் கொஞ்சம் அதிகமாகத் தெரியும், அது பிழையல்ல.

2025இல் ரெப்போ 6.50இலிருந்து 5.25க்கு இறங்கியது. ரெப்போவோடு இணைந்த கடனில் மூன்று மாதத்துக்கு ஒரு முறையாவது வட்டியை மாற்றியமைக்க வேண்டும் என்பது விதி. ஆக, 8.5இல் இருந்த அதே கடன், ஸ்பிரெட் மாறாவிட்டால், 7.25க்கு வந்திருக்க வேண்டும். வட்டி மட்டும் மாதம் சுமார் 2,083 ரூபாய் வித்தியாசம்.

படி 3: எது மீறல்?

ரெப்போவோடு இணைந்த கடனில், ரெப்போ குறைந்தும் உங்கள் வட்டி இறங்காதது ஒன்று. உங்கள் கடன் மதிப்பீட்டில் பெரிய மாற்றம் இல்லாதபோது ஸ்பிரெட்டில் உள்ள கடன் அபாயப் பங்கை (நீங்கள் கட்டாமல் போகும் அபாயத்துக்காக வங்கி சேர்க்கும் பகுதி) ஏற்றியது இன்னொன்று. வட்டி ஏறியபோது, தவணைத் தொகையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று உங்களைக் கேட்காமலே நீட்டியிருந்தால் அதையும் எழுதலாம். 2023 ஆகஸ்ட் 18 சுற்றறிக்கையில் ரிசர்வ் வங்கி இந்த உரிமையைத் தெளிவாகத் தந்திருக்கிறது.

புதிதாகக் கடன் வாங்குபவருக்கு உங்களைவிடக் குறைந்த வட்டி கிடைப்பது மனசுக்குக் கஷ்டம்தான், ஆனால் அது மட்டுமே மீறல் ஆகாது.

படி 4: வங்கிக்கு எழுதுங்கள்

வாய்ப்பேச்சு வேண்டாம். மின்னஞ்சல் அனுப்புங்கள், அல்லது கிளையில் கடிதம் கொடுத்து நகலில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள். நான்கு வரி போதும்:

"என் கடன் ரெப்போ + ___ சதவீதத்தில் அனுமதிக்கப்பட்டது. ___ தேதியில் ரெப்போ ___ ஆனது. ஆனால் என்னிடம் ___ சதவீத வட்டி பிடிக்கப்படுகிறது. கூடுதலாகப் பிடித்ததைக் கணக்கிட்டு அசலில் வரவு வையுங்கள்."

அப்புறம், தகராறு நடக்கும்போது தவணையை நிறுத்திவிடாதீர்கள். நியாயம் உங்கள் பக்கம் இருந்தாலும் கிரெடிட் ஸ்கோர் விழும், அபராதமும் சேரும்.

படி 5: குறைதீர்ப்பாளர்

30 நாளில் பதில் இல்லை, அல்லது பதில் சரியில்லை என்றால் வங்கிகள் மீதான புகார்களை விசாரிக்கும் ரிசர்வ் வங்கிக் குறைதீர்ப்பாளரிடம் (ஆம்புட்ஸ்மன்) போகலாம். ரிசர்வ் வங்கியின் சிஎம்எஸ் என்ற புகார் இணையதளத்தில் பதிவு செய்யலாம், கட்டணம் கிடையாது, வக்கீல் தேவையில்லை. சந்தேகம் இருந்தால் ரிசர்வ் வங்கியின் உதவி எண் 14448க்குக் கூப்பிடுங்கள். வங்கிக்கு எழுதாமல் நேராக இங்கே போனால் புகாரை ஏற்கமாட்டார்கள், அதனால்தான் முத்திரையிட்ட நகல் அவ்வளவு முக்கியம். கடன் கொடுத்தது வீட்டுவசதி நிதி நிறுவனம் என்றால் புகார் போக வேண்டிய இடம் தேசிய வீட்டுவசதி வங்கி. இவை தவிர நுகர்வோர் ஆணையமும் உண்டு.

கணக்குப் போட்டுப் பார்த்ததில் வங்கி செய்தது சரி என்று தெரிந்தால்? எம்சிஎல்ஆர், பேஸ் ரேட் கடன் என்றால் ரெப்போ முறைக்கு மாற்றித் தரக் கேளுங்கள், சிறிய நிர்வாகச் செலவோடு முடியும். இல்லையென்றால் வேறு வங்கிக்கு மாற்றுங்கள். தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைக்க அபராதம் கிடையாது. புதிய வங்கியின் பரிசீலனைக் கட்டணத்தையும் பத்திரச் செலவையும் மட்டும் கூட்டிப் பார்த்துக்கொள்ளுங்கள்.