லயத்து வேலியில டிக் டிக்னு கத்துற குட்டி மரத்தவளைய கண்டுபிடிச்சு பாக்குறது எப்பிடி

அந்தி மழ விட்டு கால் மணி நேரத்துல லயத்துக்கு (தோட்டத்து வரிச வீட்டுக்கு) பின்னால வேலிப்பக்கம் டிக்... டிக்டிக்...னு ஒரு சத்தம் வரும், ரெண்டு கூழாங்கல்ல ஒண்ணோட ஒண்ணு தட்டுற மாதிரி. மலையகத்துல பொறந்து வளந்த யாருக்கும் அந்த சத்தம் புதுசு இல்ல, ஆனா என்ன அதுன்னு கேட்டா முக்காவாசிப்பேர் பூச்சின்னுதான் சொல்லுவாங்க, நானும் இருவது வயசு வரைக்கும் அப்பிடித்தான் நெனச்சிட்டு இருந்தேன். அது பூச்சி இல்லங்க, தவளை. பத்து ரூவா நாணயக்குத்தியில ஒடுங்கி உக்காந்துக்குற அளவுக்கு குட்டி மரத்தவளை, அதுவும் நம்ம இலங்கைய விட்டா ஒலகத்துல வேற எங்கயுமே இல்லாத சாதி. அத நீங்களே உங்க வீட்டுக்கிட்ட எப்பிடி தேடிப்பாக்குறது, பாக்கப்போய் அதுக்கு கெடுதல் செய்யாம எப்பிடி திரும்பி வாறதுன்னு எனக்கு தெரிஞ்சத எழுதுறேன்.

மொதல்ல ஒரு விசயம் வெளங்கிக்கணும், இது தெரியாம தேடினா ராத்திரி பூரா அலைஞ்சாலும் கெடைக்காது. தவளைன்னா குளத்துல முட்ட போடும், அதுலருந்து தலப்பிரட்ட வரும், அப்புறம் கால் மொளைக்கும்னுதான் பள்ளிக்கூடத்துல படிச்சோம். இந்த குட்டிங்களுக்கு அந்த கத பொருந்தாது. இதுங்கள சூடோஃபிலாட்டஸ்னு ஒரு பேரினத்துல (நெருங்கின சொந்தமான இனங்களோட கூட்டம்) சேத்திருக்காங்க, இலங்கையில மட்டும் 70க்கு மேல இனம் இருக்கு, இதுங்களுக்கு குளமும் வேணாம் ஆறும் வேணாம். பெரும்பாலான இனத்துல பொம்பளத் தவளை ஈரமான மண்ணுல சின்னதா ஒரு குழி தோண்டி முட்டைய இட்டு, மண்ணோட பெசஞ்சு மூடி வெச்சிட்டு போயிரும். தலப்பிரட்டையா நீந்துற கட்டமே கெடையாது, எல்லா வளர்ச்சியும் முட்டைக்குள்ளயே நடந்து, வாரக்கணக்குல கழிச்சு அரிசி மணி அளவுல முழு தவளையாவே வெளிய வரும். நுவரெலியா, ஹோர்டன் சமவெளிப் பக்கம் இருக்குற சூடோஃபிலாட்டஸ் ஃபெமொராலிஸ்னு ஒரு பச்ச நெறத்து குட்டி மாதிரி ஒரு சிலது மட்டும் மண்ணுக்கு எறங்காம இலையிலயே முட்டைய ஒட்டி வெக்கும். அதனால தண்ணி இருக்குற எடத்த தேடாதீங்க, ஈரம் காயாத எடத்த தேடுங்க. வேலி ஓரம், தேயில மலையில கான் (மழத்தண்ணி ஓடுற வாய்க்கால்) ஓரம், பீலிக்கு (தண்ணி கொட்டுற குழாய்க்கு) பின்னால இருக்குற புதர், காட்டோரம் எல சருகு மக்கி கெடக்குற எடம்.

(குளிக்கிற எடத்துல, தண்ணி டேங்க் செவத்துல ஒட்டிக்கிட்டு இருக்குற பெரிய காப்பிக்கலர் மரத்தவளை வேற பேரினத்து ஆள். அது தண்ணிக்கு மேல சோப்பு நொர மாதிரி கூடு கட்டும், தலப்பிரட்ட அதுலருந்து தண்ணிக்குள்ள விழும். அதயும் பாருங்க, அழகுதான், ஆனா நாம தேடுறது அது இல்ல.)

போற நேரம் ரொம்ப முக்கியம். மழ பேஞ்சு ஓஞ்ச அந்திதான் சரியான நேரம், ஆறரை மணிக்கு தொடங்கினா ஒம்போது வரைக்கும் நல்லா கத்தும். மஸ்கெலியா, நோர்வூட் மாதிரி மேக்குப்பக்கம் இருக்குறவங்களுக்கு மே மாசம் தென்மேல் பருவக்காத்து பிடிச்சதுலருந்து, பதுளப் பக்கம் இருக்குறவங்களுக்கு ஐப்பசி மழைக்கு அப்புறம் மார்கழி வரைக்கும். பேய் மழ கொட்டுறப்ப போகாதீங்க, இலையில விழுற மழ சத்தத்துல ஒண்ணும் கேக்காது. பனிமூட்டம் எறங்கி இருட்டிக்கிட்டு கெடக்குற நாள்ல மத்தியானத்துலயே கத்தும், ராத்திரி வெளிய போக முடியாத பொம்பளப் புள்ளைங்களுக்கு அந்த நாள் நல்லது.

கொண்டு போக பெருசா ஒண்ணும் வேணாம். ஒரு டோர்ச், போன், மழக்கோட்டு, மொழங்கால் வரைக்கும் பூட்ஸ். அட்டைக்கு சவுக்காரமோ உப்போ கால்ல பூசிக்கங்க, ஆனா கையில படாம பாத்துக்கங்க, ஏன்னு கீழ சொல்றேன். தனியா போகாதீங்க, ரெண்டு பேர் போங்க, எந்தப்பக்கம் போறீங்கன்னு வீட்டுலயும் தோட்டத்து வாச்சர்கிட்டயும் சொல்லிட்டு போங்க. மலையில சிறுத்த நடமாட்டம் இருக்குற காலத்துல வீட்டு வேலியோட நிறுத்திக்கங்க. மரத்துல குளவிக்கூடு இருக்குற பக்கம் டோர்ச் அடிக்கவே கூடாது, குளவி கொட்டி கொழுந்து எடுக்குறவங்க எத்தன பேர் ஆஸ்பத்திரிக்கு போறாங்கன்னு நமக்கு தெரியாதது இல்ல. அப்புறம் பச்ச விரியன். அதுக்கு தவளைன்னா சாப்பாடு, தவளை கத்துற அதே செடியிலதான் அதுவும் அசையாம சுருண்டு கெடக்கும், தேயில செடிக்குள்ளயும் கெடக்கும். அதனால செடிக்குள்ள கைய விடாதீங்க, கண்ணால மட்டும் தேடுங்க. மருந்து அடிச்ச மலைக்கும் அந்த வாரம் போக வேணாம்.

இப்ப தேடுற மொற. நுணலும் தன் வாயால் கெடும்னு பெரியவங்க சொன்னது நூத்துக்கு நூறு உண்மை, சத்தத்த வெச்சுத்தான் இதுங்கள பிடிக்க முடியும், வெறுங்கண்ணால தேடினா பத்தடிக்குள்ள நாலு இருந்தாலும் ஒண்ணு கூட மாட்டாது. சத்தம் வாற எடத்துக்கு கிட்ட போனதும் எல்லாம் நின்னுரும், அப்ப டோர்ச்ச அணைச்சிட்டு அப்பிடியே நில்லுங்க, பேசாதீங்க, அஞ்சு நிமிசம் ஆகும், சில நேரம் பத்தும் ஆகும், ஒண்ணு தைரியமா ஆரம்பிக்கும், அதக் கேட்டு பக்கத்துல இருக்குறது பதில் சொல்லும். அப்ப நீங்க ஒரு பக்கமும் கூட வந்தவர் ஏழெட்டு அடி தள்ளி இன்னொரு பக்கமும் நின்னுக்கிட்டு, சத்தம் வாற தெசைய ரெண்டு பேரும் கை நீட்டி காட்டுங்க, ரெண்டு கையும் சந்திக்கிற எடத்துலதான் ஆள் இருக்காரு. தரையில தேடாதீங்க, மொழங்கால் ஒசரத்துலருந்து நெஞ்சு ஒசரம் வரைக்கும் இலைங்க மேல பாருங்க. கத்துறது எல்லாம் ஆம்பளைங்கதான், தொண்டைக்கு கீழ சின்ன பலூன் மாதிரி ஊதி ஊதி வரும், அந்த அசைவுதான் மொதல்ல கண்ணுல படும். பொம்பளைங்க கொஞ்சம் பெருசு, சத்தமே போடாது, அது கெடைச்சா அதிர்ஷ்டம்.

வெளிச்சத்த நேரா கண்ணுல அடிக்காதீங்க, டோர்ச் வாயில சேப்பு பிளாஸ்டிக் தாளோ மெல்லிசான கைக்குட்டையோ கட்டினா போதும். போட்டோ நாலஞ்சு எடுங்க, ஃப்ளாஷ் வேணாம். மேலருந்து ஒண்ணு, பக்கவாட்டுல ஒண்ணு, விரல் நுனியில இருக்குற வட்டம் தெரியுற மாதிரி ஒண்ணு. நெறத்த வெச்சு மட்டும் இது இந்த இனம்னு முடிவு கட்டிராதீங்க, ஒரே இனத்துல ஒண்ணு பச்சையாவும் ஒண்ணு காப்பிக்கலராவும் ஒண்ணு முதுகுல கோடு போட்டும் இருக்கும். தோல் வழுவழுன்னு இருக்கா முள்ளு முள்ளா இருக்கா, காதுச்சவ்வு தெரியுதா, தொடையில உள்பக்கம் என்ன நெறம், இதத்தான் பாக்கணும். எல்லாத்தையும் விட பெரிய ஆதாரம் சத்தம், ஒவ்வொரு இனத்துக்கும் சத்தம் வேற, அதனால போன்ல ஒரு நிமிசமாச்சும் சத்தத்த ரெக்கோட் பண்ணுங்க.

கையில பிடிக்க வேணாம். தவளை தோலாலயும் மூச்சு விடுது, தோலாலதான் தண்ணி குடிக்குது, நம்ம கையில இருக்குற சவுக்காரம், உப்பு, கொசு மருந்து, தைலம் எல்லாம் நேரா அதோட ஒடம்புக்குள்ள போயிரும். பாதையில மிதிபடுற எடத்துல இருந்து தூக்கி வெக்க வேண்டி வந்தா, கைய வெறும் தண்ணியில நல்லா கழுவி ஈரத்தோட தூக்குங்க. ஒரு காட்டுலருந்து இன்னொரு காட்டுக்கு போறப்ப பூட்ஸ் சேத்த தேச்சு கழுவி காய வெச்சிட்டு போங்க, தவளைங்கள கொல்லுற தோல் பூஞ்சணம் ஒலகம் பூரா எத்தனையோ இனத்த அழிச்சிருக்கு, அது ஈரச் சேத்தோடயும் போகும். வீட்டுக்கு கொண்டு போறத பத்தி நெனைக்கவே வேணாம், வனசீவராசிகள் திணைக்களத்து அனுமதி இல்லாம காட்டுலருந்து எதையும் எடுக்குறது குத்தம்.

முட்ட கெடைச்சா என்ன செய்யணும்? இத நான் தப்பு பண்ணி படிச்சேன். அப்பா வீட்டுத்தோட்டத்துல கரட் பாத்தி கொத்துறப்ப மண்ணு ஒட்டின ஜவ்வரிசி மாதிரி ஒரு கொத்து கெளம்பிச்சு, நத்த முட்டன்னு தூக்கி எறியப்போனாரு. நான் வாங்கி போன் லைட்ட பின்னால பிடிச்சு பாத்தா உள்ளுக்குள்ள கறுப்பா கண்ணு, மடங்கின கால், ஒண்ணு அப்பிடியே திரும்பிச்சு. அன்னிக்கு எனக்கு கை நடுங்கினது இன்னிக்கும் ஞாபகம் இருக்கு. ஆசையில யோகட் கப்புல மண்ணு போட்டு ஜன்னல்ல வெச்சேன், நாலாவது நாள் பாத்தா எல்லாம் பூஞ்சணம் பிடிச்சு போச்சு, ஒண்ணு கூட மிஞ்சல. அதனால சொல்றேன், மண்வெட்டியில மாட்டினா எடுத்த எடத்துலயே, அதே ஈர மண்ணால மூடி, மேல சருகு போட்டு விட்ருங்க, அந்த பாத்திய மட்டும் ரெண்டு மாசம் கொத்தாதீங்க. அதுக்கு மேல நம்மால ஒண்ணும் செய்ய ஏலாது.

ஏன் இவ்வளவு கவனம்னு கேட்டா ஒரு கத சொல்லணும். கேலார்ட்னு ஒரு டாக்டர், 1853ல நுவரெலியாவுல இருந்த ஒரு மரத்தவளைய பத்தி எழுதினாரு, முதுகு பூரா வெள்ளப்புள்ளி நட்சத்திரம் மாதிரி இருக்கும், அதனால பேரே ஸ்டெல்லாட்டஸ். அதுக்கப்புறம் யார் கண்ணுலயும் படல. அழிஞ்சிருச்சுன்னே எழுதி வெச்சிட்டாங்க. 2009ல சிவனொளிபாதமலக் காட்டுல ஆய்வுக்கு போனவங்க கண்ணுல அது திரும்ப பட்டுச்சு, 2013ல அந்த செய்தி வெளிய வந்தப்ப கணக்கு பாத்தா 160 வருசம். நாம வருசா வருசம் கும்பிடப் போற மலக்காட்டுல அது இத்தன காலமா கத்திக்கிட்டுத்தான் இருந்திருக்கு. ஆனா எல்லாத்துக்கும் அந்த அதிர்ஷ்டம் இல்ல, இந்தப் பேரினத்துல 15க்கு மேல இனம் திரும்பி வரவே இல்ல. கோப்பிக்கு காடு வெட்டினாங்க, 1869ல கோப்பிய நோய் பிடிச்சதும் அதே மலையில தேயில நட்டாங்க, அந்தக் காட்ட வெட்டினது நம்ம தாத்தாமாரோட கைதான், வெட்டச்சொன்னது யாருன்னும் நமக்கு தெரியும். அந்த மலையில மிஞ்சின ஓடக்கரை, வேலி, கான் ஓரம் இதெல்லாம்தான் இன்னிக்கு அதுங்களுக்கு வீடு, நமக்கும் அங்கதான் வீடு.

அதனால உங்க எடத்துல அதுங்க நெலச்சு இருக்கணும்னா இதச் செய்யுங்க. வேலி ஓரத்து சருக கூட்டி எரிக்காதீங்க, ஒரு மொழ அகலத்துக்கு அப்பிடியே மக்க விடுங்க. வேலிய அடியோட செரைக்காம, மொழங்கால் ஒசரத்துக்கு மேல மட்டும் வெட்டுங்க. அங்க களைகொல்லி அடிக்காதீங்க, கையால பிடுங்குங்க. வெளி லைட்ட விடிய விடிய போட்டு வெக்காதீங்க. தேர விழுந்தா புள்ள மெலியும்னு சொல்லி வெளக்குமாத்தால அடிக்கிற ஆச்சி உங்க வீட்டுலயும் இருந்தா, சண்ட போடாம ஒரு நாள் ராத்திரி கையப் பிடிச்சு கூட்டிட்டுப்போய் காட்டுங்க, எங்க ஆச்சி பாத்ததுலருந்து அடிக்கிறத விட்டுட்டாங்க.

கடைசியா ஒரு கொப்பி வெச்சுக்கங்க. தேதி, நேரம், மழ பேஞ்சுச்சா, எத்தன சத்தம் கேட்டுச்சு, எந்த ஒசரத்துல உக்காந்திருந்துச்சு, அவ்வளவுதான், ரெண்டு வரி போதும். படத்தையும் சத்தத்தையும் ஐநேச்சுரலிஸ்ட்னு உயிரினங்கள பதியிற இணையத்தளத்துல ஏத்தினா இனம் தெரிஞ்சவங்க பாத்து சொல்லுவாங்க, ஏத்துறப்ப எடத்த துல்லியமா காட்டாம மறைச்சு போடுங்க, தவளைய பிடிச்சு விக்கிற ஆட்களும் அதப் பாப்பாங்க.